பாவையும் பாலரும்

செய்பவர் முகம் பிறர் கண்ணிற் படாதிருத்தலே திறமையென்று மதிக்கப்படும் தொழில்கள் உலகில் மிகச் சில. பாவையாட்டம் அவற்றுள் ஒன்று. பாடுவோர் அவை நடுவே அமர்கின்றனர். நடிப்போர் விளக்கொளியில் நிற்கின்றனர். பாவையாட்டுவோரோ திரைக்குப் பின்னே குனிந்தும், தரையிற் கிடந்தும், கையை மட்டும் உயர்த்தித் தம்மை முழுதும் மறைத்துக்கொள்கின்றனர். அங்ஙனம் மறைந்திருந்தே பல நாட்டுச் சிறுவர்க்கும் உறவினர் போல் ஆகிவிட்ட ஜிம் ஹென்சன் என்னும் அமெரிக்கரைப்பற்றி இம்மலரில் சில கூற விழைகின்றோம். புலவர், விஞ்ஞானியர், அரசியலறிஞர் ஆகியோர் வரலாறுகளே இப்பக்கங்களில் வழக்கமாக இடம்பெறுவன. "பொம்மை செய்தவர் கதைக்குக் கல்லூரி மலரில் இடமா?" என்று ஆசிரிய நண்பர் ஒருவர் எம்மை நகைத்தார். இதனைப் படித்த பின்னும் அவர் நகைப்பாராயின் எமக்கு வருத்தமில்லை; ஹென்சனும் நகைக்கச் செய்வதையே தொழிலாகக் கொண்டவர்.

அவர் 1936-ஆம் ஆண்டு செப்டம்பர் 24-ஆம் நாள் மிசிசிப்பி மாநிலத்துக் கிரீன்வில் நகரிற் பிறந்தார். தந்தையார் அமெரிக்க அரசின் வேளாண்மைத் துறையில் அலுவல் பார்த்தவர். லீலண்ட் என்னும் சிற்றூரில் ஓடைக்கரையில் விளையாடி வளர்ந்த சிறுவர், பின்னர்ப் பெற்றோருடன் வாஷிங்டன் நகரை அடுத்த மேரிலாந்துப் பகுதிக்குக் குடிபெயர்ந்தார். தொலைக்காட்சிப் பெட்டி வீடுகளுக்குள் அப்பொழுதுதான் புகத் தொடங்கியிருந்தது. அதனை வாங்குமாறு பெற்றோரை நச்சரித்து வாங்குவித்தவர் இவரே. இளமை தொட்டே இவர்க்குப் பாவைகள்மேற் பெருங்காதல் இருந்திருக்கும் என்று நாம் எண்ணுதல் இயல்பு. உண்மை அஃதன்று. காதல் தொலைக்காட்சியின் மேலது. 1954-இல் உள்ளூர் ஒளிபரப்பு நிலையம் ஒன்று பாவையாட்டும் இளைஞரைத் தேடியது. பள்ளியிறுதி வகுப்பிலிருந்த ஹென்சன் அவ்வாயில் வழியாகவேனும் உள்ளே நுழைந்துவிடலாம் என்று கருதி, நண்பர் ஒருவரோடு சேர்ந்து பாவைகளைச் செய்து எடுத்துச் சென்றார். அந்நிகழ்ச்சி சில வாரங்களில் நின்றுபோயிற்று. ஏணியாகப் பற்றிய பாவையோ கையைவிட்டு இறங்கவேயில்லை.

அதே ஆண்டில் மேரிலாந்துப் பல்கலைக்கழகத்திற் சேர்ந்தார். ஆங்குப் பாவை செய்தலைக் கற்பிக்கும் வகுப்பொன்று இருந்தது. அவ்வகுப்பில் உடன் பயின்ற ஜேன் நீபல் என்னும் நங்கையார் முதலில் தொழிற்றுணைவராகவும் 1959-இல் வாழ்க்கைத் துணைவியாகவும் ஆயினார். ஹென்சன் 1960-இற் பெற்ற பட்டம் மனையியலில் என்பதை எம் கல்லூரி மாணவர் கவனிப்பாராக. ஆடவர் அப்பாடத்தை எடுத்தல் அக்காலத்தில் அரிது. துணி, தையல், கைவினை ஆகியவை அத்துறையைச் சார்ந்திருந்தமையின் அவர் அதனை விரும்பி எடுத்தார். பிறர் என்ன நினைப்பரோ என்று அஞ்சி வேறு பாடம் எடுத்திருப்பாராயின், பின்னர் வந்தவற்றுள் எத்துணை வந்திருக்கும் என்று சொல்லுதற்கில்லை.

முதலாண்டு மாணவராயிருந்தபொழுதே, 1955 மே மாதத்தில், வாஷிங்டன் நிலையம் ஒன்றில் 'சாமும் நண்பர்களும்' என்னும் ஐந்து நிமிட நிகழ்ச்சியைத் தொடங்கினார். அஃது 1961 இறுதிவரை நடைபெற்றது. அதற்காகத் தம் அன்னையார் கழித்துப்போட்ட பழைய பச்சை மேலங்கி ஒன்றை வெட்டித் தைத்து, மேசைப்பந்து ஒன்றை இரண்டாகப் பிளந்து கண்களாக ஒட்டி ஒரு பாவை செய்தார். கெர்மிட் என்று பெயரிட்டார். இன்று அதனைத் தவளை என்று யாவரும் அறிவர். ஆனால் அக்காலத்தில் அது தவளையன்று. பல்லி போன்றதொரு பெயரில்லா உயிர். ஆண்டுகள் சில சென்றபின்னரே அது தவளையாயிற்று.

இனி, அவர் கண்ட புதுமையைச் சற்று விரித்துரைத்தல் வேண்டும். இக்கட்டுரை எழுதத் தூண்டியதும் அதுவே. அதுகாறும் தொலைக்காட்சியிற் பாவை காட்டியவர், கூத்துமேடையையே நிலையத்திற்குள் கொண்டுவந்து நிறுத்தினர். சிறு மேடை, அதற்குத் திரை, திரைக்குள் பாவை. அத்துணையையும் ஒருபுறத்தே நின்று கருவி படம் பிடிக்கும். ஹென்சன் மேடையை அகற்றிவிட்டார். தொலைக்காட்சிப் பெட்டியின் நாற்புறச் சட்டமே மேடையாயிருக்க, மேடைக்குள் வேறொரு மேடை எதற்கு என்பது அவர் எண்ணம். சட்டத்தின் கீழ் விளிம்புக்கு அப்பால் ஆட்டுவோர் எங்கேனும் மறைந்துகொள்ளலாம். பாவைகள் எவ்விடத்தும் உலவலாம். பார்ப்பவர் முகத்துக்கு நேரே வந்து பேசலாம்.

இதனினும் பெரிது மற்றொன்று. ஆட்டுவோர் தம் பாவையைப் பார்ப்பதில்லை. கால்மாட்டில் வைக்கப்பெற்ற சிறு திரையைப் பார்க்கின்றனர். வீட்டிலிருக்கும் சிறுவன் எதனைக் காண்கின்றானோ, அதனையே, அவன் காணும் அதே நொடியில், ஆட்டுபவரும் காண்கின்றார். அத்திரை நிலைக்கண்ணாடி போன்றதன்று. இடவலம் மாறாது காட்டுவது. கையைத் தம் வலப்புறம் நகர்த்தினால் திரையிற் பாவை இடப்புறம் செல்லும். புதிதாகக் கற்பவர் இதிற் படும் இடர்ப்பாடு பெரிது என்பர். பழகியபின்னரோ, தம் கையைத் தாமே அயலார் கண்ணாற் கண்டு திருத்திக்கொள்ளும் ஆற்றல் வந்துவிடுகின்றது. ஆசிரியத் தொழில் புரியும் எமக்கு இச்செய்தி பொறாமையை உண்டாக்குகின்றது. வகுப்பறையின் கடைசி வரிசையில் அமர்ந்திருக்கும் மாணாக்கன் கண்ணில் யாம் எவ்வாறு தோன்றுகின்றோம் என்று காட்டும் சிறு திரை எம் காலடியில் இருந்ததேயில்லை.

பாவைகளின் உடலையும் அவர் மாற்றினார். மரத்திற் செதுக்கிய முகம் எக்காலத்தும் ஒரே முகம். தூரத்திருந்து காண்பார்க்கு அது போதும். முகத்தருகே வந்து நோக்கும் தொலைக்காட்சிக்குப் போதாது. ஹென்சன் நெகிழும் துணியையும் நுரை ரப்பரையும் கொண்டார். கெர்மிட்டின் முகத்தினுள் எலும்போ சட்டமோ இல்லை. இருப்பது ஆட்டுபவர் கையே. விரல் மடங்கினாற் பாவையின் வாய் சுளிக்கும். முட்டி இறுகினால் அது சினக்கும். 1960-களின் தொடக்கத்தில் அவரோடு சேர்ந்த டான் சாலின் என்னும் வினைஞர், கண்ணும் மூக்கும் ஒரு முக்கோணமாய் அமையும் இடத்தைப் பெரிதும் ஆராய்ந்தவர். கருவிழிகளைச் சற்றே உள்நோக்கி ஒட்டினால் பாவை எதையோ உற்று நோக்குவது போலத் தோன்றும் என்பது அவர் கண்ட உண்மை. உற்று நோக்குவது சிந்திப்பது போலும், சிந்திப்பது உயிருள்ளது போலும் தோன்றுகின்றது. மற்றொரு வேடிக்கையும் உண்டு. வலக்கைப் பழக்கமுடையார் அக்கையைப் பாவையின் தலைக்குள் செலுத்தி, இடக்கையாற் பாவையின் கையைக் கம்பி கொண்டு அசைப்பர். ஆதலின் இப்பாவைகளுட் பெரும்பாலான இடக்கைப் பழக்கமுடையன. தம் பாவைகட்கு ஹென்சன் 'மப்பெட்' என்று பெயரிட்டார்.

1956-இல் அவருடைய தமையனார் சாலை விபத்தில் உயிர் நீத்தார். இருபது வயது நிரம்பாத இளைஞர் அதன்பின் ஓயாது உழைக்கலாயினார் என்று அவர் வரலாற்றை எழுதியோர் கூறுவர். 1958-இல் ஐரோப்பாவிற் சுற்றி, ஆங்குப் பாவையாட்டத்தைச் சான்றோர் கலையாகவே போற்றுவதைக் கண்டு, இதுவே தம் தொழில் என்று உறுதிகொண்டு திரும்பினார். வயிற்றுப்பாட்டிற்கு விளம்பரங்கள் உதவின. காப்பித்தூள் நிறுவனம் ஒன்றிற்காகச் சில விநாடிகளே ஓடும் விளம்பரங்களை நூற்றுக்கு மேல் செய்தார். அவற்றிற் காப்பி வேண்டாமென்ற பாவை பீரங்கியாற் சுடப்படும், அல்லது அதன் தலையில் ஏதேனும் விழும். சொல்லவேண்டியதைச் சில விநாடிகளிற் சொல்லி நகைக்கவும் வைக்கும் வித்தையை அவர் கற்றது இக்காப்பிக் கடையில்தான்.

இத்துணையும் சிறுவர்க்காகச் செய்தவை அல்ல. 'சாமும் நண்பர்களும்' இரவில் மூத்தோர் காண ஒளிபரப்பாயிற்று. தம்மைச் சிறுவர்க்குரியவர் என்று உலகம் முத்திரையிட்டுவிடுமோ என்று ஹென்சன் நெடுநாள் தயங்கினார். அத்தயக்கத்தை வென்றவர் ஜோன் கான்ஸ் கூனி என்னும் அம்மையார். பள்ளி செல்லும் வாய்ப்புக் குறைந்த ஏழைச் சிறுவர்க்கு எழுத்தையும் எண்ணையும் தொலைக்காட்சி கற்பிக்கக் கூடுமா என்று அவரும் லாயிட் மோரிசெட் என்பாரும் ஆராய்ந்து, ஏறத்தாழ 80 இலட்சம் டாலர் நிதி திரட்டி ஒரு நிறுவனத்தை 1968-இல் அமைத்தனர். விளம்பரப் பாட்டுகளைச் சிறுவர் ஒருமுறை கேட்டே மனப்பாடம் செய்கின்றனரே, அவ்வழியிலேயே அகரவரிசையையும் புகட்டினால் என்ன என்பது அவர்கள் எண்ணம். அங்ஙனமாயின் விளம்பர வித்தை அறிந்த ஹென்சனையன்றி வேறு யாரை நாடுவது? 'செசமி தெரு' 1969 நவம்பர் 10-ஆம் நாள் தொடங்கிற்று. அதன்பின் அவர் வணிக விளம்பரத் தொழிலைக் கைவிட்டார்.

அந்நிகழ்ச்சி உருவான முறை அறியத்தக்கது. ஒளிபரப்புக்கு முன் 1969 ஜூலையில் பிலடெல்பியா நகரிற் சிறுவர்க்குக் காட்டிச் சோதித்தனர். தொலைக்காட்சிப் பெட்டிக்கு அருகே மற்றொரு திரையில் ஏழெட்டு விநாடிக்கு ஒரு படம் மாறிக்கொண்டிருக்கும். சிறுவன் எப்பொழுது நிகழ்ச்சியை விட்டுப் பக்கத்துப் படத்தை நோக்குகின்றானோ, அப்பொழுது அக்காட்சி தோற்றது என்று குறித்துக்கொள்வர். உளநூல் வல்லுநர், மெய்ம்மனிதரையும் பாவைகளையும் ஒருங்கே காட்டினாற் சிறுவர் மயங்குவர் என்று முன்னமே எச்சரித்திருந்தனர். ஆதலின் தெருக்காட்சிகளில் மனிதர் மட்டும், பாவைகள் தனியே, என்று வகுத்திருந்தனர். விளைவு என்ன? பாவைகள் வந்தபொழுதெல்லாம் சிறுவர் இமை கொட்டாது நோக்கினர். தெருவிற்கு மனிதர் வந்தவுடன் வேறுபுறம் திரும்பினர். வல்லுநர் சொல்லை ஒதுக்கிச் சிறுவர் கண் சொன்னதை ஏற்றுக்கொண்டனர். மனிதரோடு தெருவில் வாழ்தற்கென்றே இரு பாவைகளை ஹென்சன் படைத்தார். ஒன்று குப்பைத்தொட்டியில் வாழும் ஆஸ்கர் என்னும் சிடுமூஞ்சி. மற்றொன்று 8 அடி 2 அங்குல உயரமுள்ள மஞ்சட் பறவை.

'பிக் பேர்ட்' எனப்படும் அப்பெரும்பறவையினுள்ளே நின்றவர் கேரல் ஸ்பின்னி. வலக்கையைத் தலைக்கு மேல் நீட்டிப் பறவையின் தலையைத் தாங்குவார். உள்ளிருந்து வெளியே ஒன்றும் காணவியலாது. ஆகவே மார்பிற் சிறியதொரு தொலைக்காட்சித் திரையைக் கட்டிக்கொண்டு, தம்மைப் பிறர் காணுமாறு கண்டு நடந்தார். பறவைக்கு ஆறு வயதுச் சிறுவனின் அறிவு. அச்சிறுவன் கேட்கக்கூடிய வினாக்களையே அது கேட்டது.

அவ்வினாக்களுள் ஒன்றே எமக்கு இந்நிகழ்ச்சியை மறக்கவொண்ணாததாக்கிற்று. தெருவில் ஹூப்பர் என்னும் கடைக்காரராக நடித்துவந்த வில் லீ என்னும் முதியவர் 1982 டிசம்பரில் உயிர் நீத்தார். வேறொருவரை அவ்வேடத்தில் அமர்த்தலாம்; அல்லது ஹூப்பர் வேறூருக்குக் குடிபோய்விட்டார் என்று கூறிவிடலாம். நிகழ்ச்சியினர் இரண்டையும் செய்யவில்லை. கடைக்காரர் இறந்தார் என்பதையே சிறுவர்க்குச் சொல்லத் துணிந்தனர். வல்லுநரைக் கலந்து, முன்கூட்டியே சிறுவர்க்கும் பெற்றோர்க்கும் காட்டிச் சோதித்து, பெற்றோர் வீட்டிலிருக்கும் விடுமுறை நாளாகிய 1983 நவம்பர் 24-ஆம் நாளைத் தேர்ந்து ஒளிபரப்பினர். அது ஹென்சன் தாமே எழுதியதோ இயக்கியதோ அன்று. எழுதியவர் நார்மன் ஸ்டைல்ஸ். எனினும் அப்பாவையும், அஃது உலாவிய முறையும் ஹென்சன் வகுத்தவை.

அதிற் பெரும்பறவை தன் நண்பர் அனைவரையும் படமாக வரைந்து ஒவ்வொருவர்க்கும் கொடுக்கின்றது. ஹூப்பரின் படம் எஞ்சுகின்றது. அவர் வந்தபின் கொடுப்பேன் என்கின்றது. அவர் இறந்துவிட்டார் என்று மூத்தோர் நினைவூட்டுகின்றனர். ஆம், திரும்பி வந்தவுடன் கொடுப்பேன் என்கின்றது பறவை. இறந்தவர் திரும்புவதில்லை என்று அமைதியாகச் சொல்கின்றனர். ஏன் இப்படி இருக்கவேண்டும் என்று அது கேட்டபொழுது, இப்படித்தான் இருக்கின்றது என்பதற்கு மேல் அவர்கள் ஒன்றும் கூறவில்லை. நோயினால் என்றோ மூப்பினால் என்றோ சொல்லவில்லை. சொன்னால், நோயுற்ற தாயையும் மூத்த பாட்டியையும் உடைய சிறுவர் அஞ்சுவர். மறுமையைப்பற்றியும் பேசவில்லை, அதனை அவரவர் வீட்டிற்கு விட்டனர். அக்காட்சியில் நடித்தோர் கண்ணீர் நடிப்பன்று.

எம் தந்தையார் காலமான காலத்தில் எம் மகளுக்கு வயது நான்கு. "தாத்தா ஊருக்குப் போயிருக்கார், வந்துடுவார்" என்று எம் அத்தையார் குழந்தையிடம் கூறிவிட்டார். அன்பினாற் கூறியதே, வீடு முழுதும் அதனையே வழிமொழிந்தது. காலையில் வாயிலில் விழும் செய்தித்தாளை எடுத்துத் தாத்தாவின் சாய்வு நாற்காலியில் வைப்பது குழந்தையின் வழக்கம். ஒன்பது நாளும் வைத்தாள். ஒன்றன்மேல் ஒன்றாக ஒன்பது தாள்கள் அங்கே கிடந்தன. எடுக்க எவர்க்கும் மனம் வரவில்லை. பத்தாம் நாள் யாமும் எம் மனைவியாரும் அவளை அருகில் அமர்த்தி, தாத்தா இறந்துவிட்டார், இனி வரமாட்டார் என்று அச்சொற்களாலேயே கூறினோம். பறவைக்குச் சொல்லப்பட்ட முறை அவ்வேளையில் எம் நினைவில் இருந்தது. வேறு துணை எமக்கு இருக்கவில்லை. அவள் சிறிது நேரம் அழுதாள். பின்னர், "அப்போ பேப்பரை யாரு படிப்பா?" என்று கேட்டாள். நாம் படிப்போம் என்றோம். மறுநாட் காலை செய்தித்தாள் எம் மடிக்கு வந்தது.

கதைக்குத் திரும்புவோம். சிறுவர்க்குரியவர் என்னும் முத்திரை ஹென்சனைவிட்டு நீங்கவில்லை. எல்லா வயதினர்க்கும் மப்பெட் நிகழ்ச்சியொன்று நடத்த அவர் விரும்பியபொழுது அமெரிக்கப் பெருநிலையங்கள் ஏற்கவில்லை. இங்கிலாந்தின் லூ கிரேடு என்பார் இடங்கொடுத்தார். இலண்டனை அடுத்த எல்ஸ்ட்ரீ அரங்கில் 1976 முதல் 1981 வரை 120 பகுதிகள் உருவாயின. நூற்றுக்கும் மேற்பட்ட நாடுகள் கண்டன. ஆட்டுவோர் நிமிர்ந்து நிற்கும்படி அரங்குகளைத் தரைக்கு மேலே உயர்த்திக் கட்டினர். 1979-இல் வந்த திரைப்படத்திற் கெர்மிட் சதுப்பு நீரின் நடுவே மரக்கட்டையில் அமர்ந்து பாடும் காட்சி உண்டு. நெடிய உடலினராகிய ஹென்சன் நீருக்கடியில் ஓர் இரும்புத் தொட்டிக்குள் மடங்கி அமர்ந்து, குழாய் வழியே மூச்சுவிட்டு, கையை மட்டும் மேலே நீட்டிச் சிறு திரையை நோக்கியவாறு அதனை நடத்தினார்.

பொம்மை வணிகம் பெருகிற்று. அதிற் பொருள் குவிந்தது. சிறுவர் மனத்தைக் கவர்ந்த உருவத்தைக் கடையிலும் வைத்து விற்பது முறையோ என்னும் ஐயம் எமக்கு உண்டு. செசமி நிகழ்ச்சிக்கு அவ்வருவாயும் துணை செய்தது என்பது அதற்கு விடையாகக் கூறப்படுவது; எம் ஐயம் முழுதும் தீர்ந்ததென்று சொல்லோம். 1982-இல் வந்த 'கரிய படிகம்', 1986-இல் வந்த 'லேபிரிந்த்' ஆகிய படங்களில் கற்பனை உலகங்களைப் பெரும்பொருட் செலவிற் படைக்க முயன்றார். பின்னது வந்த காலத்தில் போட்ட பொருளை ஈட்டவில்லை. அதனால் அவர் மிகவும் சோர்ந்தார். எம் கணிப்பில் இவ்விரண்டினும் மேலானது, 1983 முதல் 1987 வரை கனடாவில் உருவான 'ஃபிராகிள் ராக்' என்னும் தொடர். போர்களை ஒழிக்க உதவும் நிகழ்ச்சியாக இஃது அமையவேண்டுமென்று அவர் கூறியபொழுது கேட்டோர் வியந்திருப்பர். அத்தொடரில் டூசர் என்னும் சிற்றுயிர்கள் ஓயாது கட்டடம் கட்டும். ஃபிராகிள்கள் அவற்றைத் தின்னும். இரக்கத்தால் ஒருநாள் தின்பதை நிறுத்தினாற் கட்டுவதற்கு இடமின்றி டூசர்கள் ஊரைவிட்டே புறப்பட்டுவிடும். எதிரிகள் என்று தோன்றுவோர் ஒருவரை ஒருவர் தாங்கி நிற்றலை இதனினும் எளிதாக நான்கு வயதினர்க்குச் சொல்லுதல் அரிது. அத்தொடர் 1989-இற் சோவியத்து நாட்டிலும் ஒளிபரப்பாயிற்று. நம் நாட்டிற்குச் செசமி நிகழ்ச்சி 2006-இல் இந்தி மொழியில் 'கல்லி கல்லி சிம் சிம்' என்னும் பெயரோடு வந்தது. அதிற் பள்ளிச் சீருடை அணிந்த சம்கி என்னும் ஐந்து வயதுச் சிறுமி தலைவி.

1990 மே மாதத்தில் ஹென்சனுக்குச் சளிக்காய்ச்சல் போலத் தொடங்கியது கொடிய தொற்றாக நுரையீரலைப் பற்றிற்று. மே 16-ஆம் நாள் நியூயார்க்கு மருத்துவமனையில் உயிர் பிரிந்தது. வயது 53. தம் பிள்ளைகள் ஐவர்க்கும் நான்காண்டு முன்னரே கடிதம் எழுதி வைத்திருந்தார். தம் நினைவுக் கூட்டத்தில் எவரும் கறுப்புடை அணியலாகாது என்றும், மகிழ்வான இசை ஒலிக்கவேண்டுமென்றும் அதில் விரும்பியிருந்தார். மே 21-ஆம் நாள் நியூயார்க்குப் பேராலயத்தில் கூடியோர்க்கு, கம்பியில் நுரை ரப்பராற் செய்த வண்ணத்துப்பூச்சிகள் வழங்கப்பட்டன. வழிபாட்டினிடையே ஆயிரக்கணக்கானோர் அவற்றை அசைத்தனர். மஞ்சட் பெரும்பறவை தனியே நடந்துவந்து கெர்மிட்டின் பாடலைப் பாடி, நன்றி கூறிச் சென்றது. ஹூப்பரின் படத்தை ஏந்தி நின்ற அதே பறவை; உள்ளே நின்றவரும் அவரே.

பழைய மேலங்கியிற் பிறந்த முதற் கெர்மிட்டை 2010-இல் ஜேன் அம்மையார் வாஷிங்டனிலுள்ள ஸ்மித்சோனியன் அருங்காட்சியகத்திற்கு அளித்தார். 'சாமும் நண்பர்களும்' நிகழ்ச்சியின் பிற பாவைகளும் உடன் சென்றன. படத்தில் யாம் அதனைக் கண்டோம். பச்சை நிறம் வெளிறியிருக்கின்றது. பின்னாளையத் தவளைக்கு உள்ள கழுத்துப்பட்டையும், விரிந்த பாதங்களும் அதற்கு இல்லை.